பழைய விளையாட்டுப் பொறியைக் கைப்பேசியில் இயக்குதல்

ஒரு யந்திரத்தின் வேலையை மற்றொரு யந்திரம் அப்படியே செய்து காட்ட இயலுமா? பற்சக்கரமும் நெம்புகோலும் கொண்ட யந்திரங்களைப் பொறுத்தவரை, இயலாது என்பதே விடை. நீரிறைக்கும் பம்பு துணி தைக்காது. தையல் யந்திரம் நெல் குற்றாது. கணிப்பொறி ஒன்றே இவ்விதிக்கு விலக்கு. தகுந்த நிரலை அதனுள் செலுத்தினால், அது தன் இயல்பை மறைத்து வேறொரு கணிப்பொறியாகவே நடந்துகொள்ளும். இவ்வாறு ஒரு பொறியை வேறொரு பொறியாக நடிக்கச் செய்யும் நிரலுக்கு எமுலேட்டர் என்று பெயர்.

இன்று ஆசிரியர்களும் களப் பணியாளர்களும் கையில் வைத்திருக்கும் சாதாரணக் கைப்பேசியே இந்நடிப்புக்குப் போதுமானது. விளையாட்டுப் பொறி ஒன்றை எடுத்துக்காட்டாகக் கொண்டு, எமுலேட்டரின் தத்துவமும், அதனைக் கைப்பேசியில் அமைக்கும் முறையும், அதில் கவனிக்க வேண்டிய சட்ட வரம்புகளும், வகுப்பறையில் அதனால் விளையும் பயனும் இங்கு விளக்கப்பெறுகின்றன.

மூலப் பொறியின் அமைப்பு

ஜப்பானிலுள்ள நின்டெண்டோ நிறுவனம் 1983ஆம் ஆண்டு ஜூலை 15ஆம் நாள் 'ஃபேமிகாம்' என்னும் விளையாட்டுப் பொறியை விற்பனைக்குக் கொணர்ந்தது. 1985ஆம் ஆண்டு முதல் அது அமெரிக்காவில் 'நின்டெண்டோ என்டர்டெயின்மென்ட் சிஸ்டம்' என்னும் பெயருடன் விற்கப்பெற்றது. நம் நாட்டில் 1990களில் இதன் நகல்கள் 'டி.வி. கேம்', 'வீடியோ கேம்' என்னும் பெயர்களில் கடைத்தெருவெங்கும் பரவின. பொறியின் மேல் செருகும் பெட்டியை மக்கள் 'கேசட்' என்றே வழங்கினர். உண்மையில் அப்பெட்டியினுள் நாடா ஏதும் இல்லை. படிக்க மட்டுமே இயலும் நினைவுச் சில்லுகளே இருந்தன.

இப்பொறியின் உறுப்புகள் மிகச் சிலவே. முதலாவது, மையச் செயலகம். 1975ஆம் ஆண்டில் வெளிவந்த 6502 என்னும் மலிவான சில்லின் ஒரு வகை இது. இது நொடிக்கு ஏறத்தாழ 17,90,000 துடிப்புகளுடன் இயங்கியது. இரண்டாவது, படம் வரையும் சில்லு. குறுக்கே 256, நெடுக்கே 240 என்ற அளவில் அமைந்த புள்ளிகளைக் கொண்டு நொடிக்கு ஏறத்தாழ 60 படங்களை அது தீட்டியது. மூன்றாவது, ஐந்து குரல்கள் கொண்ட ஒலிப் பகுதி. நான்காவது, வேலை நினைவகம். இதன் கொள்ளளவு 2,048 பைட்டுகள் மட்டுமே. யூனிகோடு முறையில் தமிழ்க் குறி ஒன்றுக்கு 3 பைட்டுகள் வேண்டியிருப்பதால், இவ்விதழில் உள்ள பெரிய பத்தி ஒன்றினைக்கூட அந்நினைவகத்தில் முழுமையாக எழுதி வைக்க இயலாது.

இத்தகைய சிறு வசதியைக் கொண்டே பெரும்புகழ் பெற்ற விளையாட்டுகள் படைக்கப்பெற்றன. 1985ஆம் ஆண்டில் வெளிவந்த 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ்' விளையாட்டின் நிரலுக்கு 32 கிலோபைட்டும், படங்களுக்கு 8 கிலோபைட்டும் ஆக மொத்தம் 40 கிலோபைட்டே இடம் தேவைப்பட்டது. இன்று கைப்பேசியில் எடுக்கும் ஒரு புகைப்படம் இதைப் போலப் பல மடங்கு இடத்தை எடுத்துக்கொள்கிறது.

போலச் செய்தலின் வரலாறு

ஒரு பொறி மற்றெல்லாப் பொறிகளாகவும் நடிக்க இயலும் என்னும் கருத்து, கணிப்பொறி தோன்றுவதற்கு முன்பே கணிதத்தில் தோன்றிவிட்டது. இங்கிலாந்து நாட்டுக் கணித அறிஞர் ஆலன் டூரிங் 1936ஆம் ஆண்டில் எழுதிய ஆய்வுரையில் இக்கருத்தை நிலைநாட்டினார். வேறொரு பொறியின் இயக்க விதிகளை எழுதித் தந்தால், அவ்விதிகளைப் படித்து அப்பொறியைப் போலவே இயங்கவல்ல பொதுப் பொறி ஒன்று இருக்க முடியும் என்று அவர் காட்டினார்.

இக்கருத்து வணிக உலகில் பெரும் பயன் அளித்தது 1960களில்தான். ஐ.பி.எம். நிறுவனம் 1959ஆம் ஆண்டில் அறிமுகம் செய்த 1401 என்னும் கணிப்பொறி நம் நாடு உட்படப் பல நாடுகளில் பயன்பட்டு வந்தது. அந்நிறுவனம் 1964ஆம் ஆண்டில் 'சிஸ்டம் 360' என்னும் புதுவகைக் கணிப்பொறியை அறிவித்தபோது, பழைய பொறிக்கென எழுதிய நிரல்கள் அனைத்தும் வீணாகிவிடுமோ என்னும் அச்சம் எழுந்தது. புதிய பொறியின் சில வகைகள் பழைய 1401 பொறியாகவே நடிக்குமாறு அமைக்கப்பெற்றதால் அவ்வச்சம் நீங்கியது. நிரல்களுக்காகச் செலவிட்ட உழைப்பு, பொறி மாறிய பின்னரும் காக்கப்பெற்றது. எமுலேட்டரின் பயன் அன்றும் இன்றும் இதுவே.

எமுலேட்டர் இயங்கும் விதம்

ஒரு செயலகம் நிரலை எண்களாகவே அறியும். ஒவ்வோர் எண்ணும் ஒரு கட்டளை. எடுத்துக்காட்டாக, 6502 வகைச் செயலகத்திற்கு 169 என்னும் எண் வந்தால், 'அடுத்து வரும் எண்ணை எடுத்துத் திரட்டியில் வை' என்று பொருள். 141 என்னும் எண் வந்தால், 'திரட்டியில் உள்ளதைக் குறிப்பிட்ட முகவரியில் எழுது' என்று பொருள். கைப்பேசியின் செயலகத்திற்கோ இவ்வெண்கள் அயல்மொழி. ஆதலின் எமுலேட்டர் இடையில் நின்று துபாஷியின் தொழிலைச் செய்கிறது. ஓர் எண்ணை எடுக்கிறது. அதன் பொருளை அறிகிறது. அதற்கு நிகரான வேலையைக் கைப்பேசியின் மொழியில் செய்து முடிக்கிறது. பின்னர் அடுத்த எண்ணுக்குச் செல்கிறது. பழைய பொறியின் திரட்டி, நினைவகம் முதலியவை கைப்பேசியின் நினைவில் வெறும் எண் வரிசைகளாக வைத்துக்கொள்ளப்பெறுகின்றன.

ஆனால் பொருளை அறிந்தால் மட்டும் போதாது. காலமும் பொருந்த வேண்டும். மூலப் பொறியில் செயலகம் ஒரு துடிப்பை முடிக்கும் நேரத்தில், படச் சில்லு மூன்று புள்ளிகளைக் கடந்துவிடும். ஒரு படம் முடிவதற்குள் செயலகத்திற்குக் கிடைப்பவை ஏறத்தாழ 29,780 துடிப்புகள். நிரல் எழுதியோர் இக்கணக்கை நம்பியே எழுதினர். திரையின் மேற்பகுதியில் மதிப்பெண் அசையாமல் நிற்க, கீழ்ப்பகுதி மட்டும் நகருமாறு செய்தது இத்தகைய காலக் கணக்கின் விளைவே. மூலப் பொறியில் நாதஸ்வரமும் தவிலும் போல இரு சில்லுகள் ஒருங்கே இயங்கின. எமுலேட்டரில் ஒருவரே இரண்டையும் மாறி மாறி வாசித்தாக வேண்டும், தாளமும் தப்பக்கூடாது. கைப்பேசியின் செயலகம் பழைய செயலகத்தைவிட ஆயிரம் மடங்குக்கு மேல் விரைவான துடிப்புடையது. ஆதலின் இவ்வளவு வேலையும் அதற்கு எளிதாகிறது.

பிற்காலத்துப் பொறிகளுக்கு இம்முறை போதாது. சோனி நிறுவனம் 2004ஆம் ஆண்டில் வெளியிட்ட 'பிளேஸ்டேஷன் போர்ட்டபிள்' பொறியின் செயலகம் நொடிக்கு 33 கோடித் துடிப்புகளுக்கு மேல் இயங்கவல்லது. ஒவ்வொரு கட்டளையாகப் பொருள் கூறிக்கொண்டிருந்தால் கைப்பேசி பின்தங்கிவிடும். ஆகவே 2012ஆம் ஆண்டில் முதன்முதலாக வெளிவந்த 'பி.பி.எஸ்.எஸ்.பி.பி.' போன்ற எமுலேட்டர்கள், நிரலின் ஒரு பகுதியை மொத்தமாக மொழிபெயர்த்து வைத்துக்கொண்டு, அது மீண்டும் தேவைப்படும்போது பெயர்ப்பையே நேராக இயக்குகின்றன. துபாஷி உடனிருந்து வாக்கியந்தோறும் சொல்லுவதற்கும், நூலையே மொழிபெயர்த்துக் கையில் கொடுத்துவிடுவதற்கும் உள்ள வேறுபாடு இதுவாகும்.

கைப்பேசியில் அமைக்கும் முறை

இங்குக் கூறப்பெறுவது ஆண்ட்ராய்டு கைப்பேசிக்கு உரிய முறை. இதற்கு 'ரெட்ரோஆர்க்' என்னும் நிரல் ஏற்றது. இது விலையின்றிக் கிடைப்பது, விளம்பரமற்றது, மூல நிரல் எவரும் காணுமாறு வெளியிடப்பெற்றது. இது ஒரு பொதுக் கூடம் போன்றது. அதனுள் எந்தப் பொறி வேண்டுமோ அதற்குரிய 'கோர்' என்னும் பகுதியைத் தனியே சேர்த்துக்கொள்ள வேண்டும்.

1. கூகுள் பிளே ஸ்டோரிலிருந்தோ, அந்நிரலுக்குரிய அதிகாரபூர்வ இணையதளத்திலிருந்தோ மட்டும் ரெட்ரோஆர்க்கை நிறுவுக. வேறிடங்களிலிருந்து எடுத்தல் கூடாது.

2. முதன்முறை திறக்கும்போது கோப்புகளைப் படிக்க அது அனுமதி கேட்கும். அனுமதி அளித்தபின் தனக்கு வேண்டிய துணைக் கோப்புகளை விரித்துக்கொள்ளும். அது முடியும்வரை காத்திருக்க வேண்டும்.

3. முதற்பட்டியலில் 'லோட் கோர்' என்பதையும், அதனுள் 'டவுன்லோட் எ கோர்' என்பதையும் தேர்ந்து, ஃபேமிகாமுக்குரிய 'எஃப்.சி.இ.யு.எம்.எம்.' அல்லது 'நெஸ்டோபியா' என்னும் கோரை இறக்குக. முன்னது பழைய கைப்பேசிகளிலும் தடையின்றி ஓடும்.

4. கைப்பேசியின் சேமிப்பகத்தில் விளையாட்டுகளுக்கெனத் தனிக் கோப்புறை ஒன்றை உண்டாக்கி, விளையாட்டுக் கோப்பை அதில் இடுக. கோப்பின் பெயர் 'நெஸ்' என்னும் ஈற்றுடன் முடியும். 'ஜிப்' வடிவில் சுருக்கியிருப்பினும் பிரிக்க வேண்டியதில்லை.

5. 'லோட் கன்டென்ட்' வழியாக அக்கோப்புறைக்குச் சென்று கோப்பைத் தொடுக. விளையாட்டு தொடங்கும். திரையின் மீது திசை விசையும், ஏ, பி, செலக்ட், ஸ்டார்ட் என்னும் பொத்தான்களும் மங்கலாகத் தோன்றும். மூலப் பொறியின் கைப்பிடியில் இருந்தவையும் இவை மட்டுமே.

6. அங்கேயே தோன்றும் ரெட்ரோஆர்க் சின்னத்தைத் தொட்டால் விரைவுப் பட்டியல் திறக்கும். 'சேவ் ஸ்டேட்' அந்தக் கணத்தின் நிலையை முழுவதும் பதித்துவைக்கும். 'லோட் ஸ்டேட்' அதனை மீட்டுத் தரும்.

இறுதியாகக் கூறிய சேமிப்புக்கும், விளையாட்டே தன்னுள் வைத்திருக்கும் சேமிப்புக்கும் உள்ள வேறுபாட்டை மனத்திற்கொள்ள வேண்டும். முன்னது எமுலேட்டரின் உள்நிலையைப் படியெடுப்பது. கோரை மாற்றினால் பயன்படாமற்போகலாம். பின்னது மூலக் கேசட்டில் இருந்த சேமிப்பின் படி. வேறு எமுலேட்டரிலும் பெரும்பாலும் செல்லும். இது விளையாட்டை மூடும்போது எழுதப்பெறுவதால், நிரலைத் திடீரென நிறுத்தாமல் 'குளோஸ் கன்டென்ட்' வழியாக மூடுதல் நலம்.

சில கோளாறுகளும் பரிகாரங்களும்

ஒலி கரகரத்தால், அமைப்புகளில் ஒலிப் பகுதியிலுள்ள 'ஆடியோ லேட்டன்சி' என்னும் எண்ணைச் சற்று உயர்த்த வேண்டும். ஆனால் மிகுதியாக உயர்த்தினால், பொத்தானை அழுத்துவதற்கும் ஓசை கேட்பதற்கும் இடையே தாமதம் உண்டாகும்.

படம் பக்கவாட்டில் இழுபட்டுத் தோன்றினால், 'ஆஸ்பெக்ட் ரேஷியோ' என்பதை 4:3 என்று மாற்றுக. பழைய தொலைக்காட்சித் திரையின் அகல உயர விகிதம் அதுவே.

கோப்பைத் திறந்ததும் திரை வெறுமையாகவே நின்றால், கோப்பின் தலைப்பகுதியைச் சந்தேகிக்கலாம். இவ்வகைக் கோப்பின் முதல் 16 பைட்டுகள் விளையாட்டைச் சேர்ந்தவை அல்ல. கேசட்டின் உள்ளமைப்பை எமுலேட்டருக்கு அறிவிக்கும் குறிப்பு அவை. இக்குறிப்பு தேவைப்படுவதற்குக் காரணம் உண்டு. மூலப் பொறியின் செயலகம் கேசட்டின் நிரலில் ஒரே நேரத்தில் 32 கிலோபைட் அளவையே பொதுவாகக் காணவல்லது. 1988ஆம் ஆண்டில் வெளிவந்த 'சூப்பர் மாரியோ பிரதர்ஸ் 3' போன்ற 384 கிலோபைட் விளையாட்டுகளில், நினைவகப் பகுதிகளை மாற்றி மாற்றிக் காட்டும் கூடுதல் சில்லு கேசட்டினுள்ளேயே வைக்கப்பெற்றது. அச்சில்லின் வகையை அறிவிக்கும் எண் தவறாயின், எமுலேட்டர் தவறான பக்கத்தைப் புரட்டுகிறது, நிரல் நின்றுவிடுகிறது.

சட்ட வரம்பு

எமுலேட்டரை உருவாக்குவதும் பயன்படுத்துவதும் வேறு. விளையாட்டுக் கோப்பைப் பெறுவது வேறு. இவ்விரண்டையும் ஒன்றாகக் கருதுவதால் குழப்பம் விளைகிறது.

முன்னதைப் பற்றி அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒன்று 2000ஆம் ஆண்டில் சோனி, கனெக்டிக்ஸ் நிறுவனங்களுக்கிடையே நடந்த வழக்கில் முக்கியமான தீர்ப்பு வழங்கியது. ஒரு பொறியின் இயக்கத்தை ஆராய்ந்து அதற்கு நிகரான நிரலைப் படைப்பதற்காக இடையில் படியெடுத்தது நியாயமான பயன்பாடே என்று அது கூறியது. நம் நாட்டின் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவும், ஒரு நிரலின் அடிப்படைக் கருத்துகளை அறியும் பொருட்டு அதன் இயக்கத்தைக் கவனிப்பதற்கும் சோதிப்பதற்கும் இடமளிக்கிறது.

பின்னதைப் பற்றி அதே பிரிவு கூறுவது யாதெனில், நிரலின் ஒரு படியைச் சட்டப்படி வைத்திருப்பவர், தம்மிடமுள்ள அப்படியிலிருந்து, இழப்போ சேதமோ நேராமல் காக்கும் பொருட்டுக் காப்புப் படி எடுத்துக்கொள்ளலாம் என்பதாகும். 'தம்மிடமுள்ள அப்படியிலிருந்து' என்னும் வரம்பு கருத்தூன்றத் தக்கது. முகமறியாத ஒருவர் இணையத்தில் இட்டுவைத்த விளையாட்டுக் கோப்பை எடுப்பதற்கு இவ்விலக்கு பொருந்தாது. உரிமை மீறிய படி என அறிந்தே ஒரு நிரலைக் கணிப்பொறியில் பயன்படுத்துவோர்க்கு 63ஆ பிரிவு சிறைத்தண்டனையும் அபராதமும் விதிக்கிறது. பள்ளியிலோ அலுவலகத்திலோ இதனைச் செயல்முறையாகக் காட்ட விரும்புவோர் இதனை மறத்தல் ஆகாது.

எனினும் வழியில்லாமல் இல்லை. இன்றும் ஆர்வலர் பலர் ஃபேமிகாம் பொறிக்கெனப் புதிய விளையாட்டுகளைப் படைத்து விலையின்றி வழங்குகின்றனர். 'நோவா த ஸ்குவிரல்' போன்றவை மூல நிரலுடனேயே வெளியிடப்பெற்றுள்ளன. ஆசிரியர்களுக்கு இவையே மிகவும் ஏற்றவை. விளையாட்டை இயக்கிக் காட்டலாம். அதன் நிரலையும் திறந்து காட்டலாம்.

சட்டத்தோடு பாதுகாப்பும் சேர்ந்தது. விளையாட்டுக் கோப்பு என்னும் பெயரில் தீங்கு நிரல்களைப் பரப்புவோர் உண்டு. உண்மையான ஃபேமிகாம் கோப்பு ஒருபோதும் 'என்னை நிறுவு' என்று கைப்பேசியைக் கேட்காது. அது எமுலேட்டர் படிக்கும் எண்களின் தொகுதியே. ஆதலின் இறக்கிய கோப்பு நிறுவ அனுமதி கேட்டாலோ, தொடர்பு எண்களையும் குறுஞ்செய்திகளையும் காண அனுமதி கேட்டாலோ, அதனை உடனே நீக்கிவிட வேண்டும். பயனாளிகளின் விவரங்களும் அலுவலகப் பதிவுகளும் உள்ள கைப்பேசியில் களப் பணியாளர்கள் இத்தகைய சோதனைகளைச் செய்யாதிருத்தலே முறை. அதற்குப் பழைய கைப்பேசி ஒன்று போதும்.

வகுப்பறையில் ஒரு செயல்முறை

கணிப்பொறியின் நினைவகம் என்பது யாது என்று சொல்லால் விளக்குவது கடினம். எமுலேட்டரைக் கொண்டு அதனை எளிதில் காட்டலாம். ரெட்ரோஆர்க்கின் விரைவுப் பட்டியலில் 'சீட்ஸ்' என்னும் பகுதி உள்ளது. நினைவகத்தில் உள்ள எண்களைத் தேடும் வசதி அதில் அமைந்துள்ளது.

திரையில் ஏதேனும் ஓர் எண்ணைக் காட்டும் விளையாட்டைத் தொடங்கி, தேடலையும் தொடங்க வேண்டும். அப்போது 2,048 இடங்களும் ஐயத்திற்குரியவை. விளையாடி அவ்வெண் குறைந்ததும், 'முன்பைவிடக் குறைந்த இடங்கள் எவை?' என்று தேடினால், பெரும்பாலான இடங்கள் கழிந்துவிடும். சிறிது நேரம் எண் மாறாதபடி இருந்து, 'மாறாத இடங்கள் எவை?' என்று தேடினால் மேலும் பல கழியும். இவ்வாறு மாறி மாறிச் சில தடவை செய்தால் ஒன்றிரண்டு முகவரிகளே எஞ்சும். அவற்றில் ஒன்றின் மதிப்பை மாற்றியவுடன் திரையிலுள்ள எண்ணும் மாறக் காணலாம். நினைவகம் எண்ணிட்ட அறைகளின் வரிசை என்பதையும், நிரல் அவ்வறைகளைப் படிப்பதும் எழுதுவதுமே செய்கிறது என்பதையும் மாணவர் இதனால் நேரில் அறிவர். ஐயத்திற்குரியவற்றைப் படிப்படியாகக் கழித்து உண்மையை அடையும் விஞ்ஞான முறையும் இதில் அடங்கியுள்ளது.

சில விளையாட்டுகளில் திரையில் 3 என்று காணப்படும் எண் நினைவகத்தில் 2 என்று இருக்கலாம். குறைந்தது, கூடியது என்ற ஒப்பீட்டைக் கொண்டு தேடினால் இதனால் இடையூறு நேராது.

விளையாட்டுக்கு அப்பால்

கேசட்டுகளும் பொறிகளும் அழியும் பொருள்கள். 1987ஆம் ஆண்டில் அமெரிக்காவில் வெளிவந்த 'த லெஜண்ட் ஆஃப் ஸெல்டா' கேசட்டில், விளையாடியோரின் நிலையைக் காத்துவைக்க ஒரு சிறு மின்கலம் இருந்தது. அத்தகைய மின்கலம் தீர்ந்ததும் அதனால் காக்கப்பெற்ற பதிவும் மறைகிறது. அமெரிக்காவில் 2010ஆம் ஆண்டுக்கு முன் வெளிவந்த விளையாட்டுகளில் நூற்றுக்கு 87 இன்று விலைக்குக் கிடைப்பதில்லை என்று, விளையாட்டு வரலாற்றைப் பேணும் அமைப்பு ஒன்று 2023ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வு கூறுகிறது.

இந்நிலை விளையாட்டுகளுக்கு மட்டும் உரியதன்று. பள்ளிகளில் கணிப்பொறி அறிவைப் பரப்பும் பொருட்டு 1984ஆம் ஆண்டில் நம் நாட்டில் தொடங்கப்பெற்ற 'கிளாஸ்' திட்டத்தில், இங்கிலாந்து நாட்டு 'பி.பி.சி. மைக்ரோ' கணிப்பொறி பயன்பட்டது. அதன் செயலகமும் ஃபேமிகாமின் செயலகமும் 6502 என்னும் ஒரே குடும்பத்தவை. மேலே விளக்கிய 169 என்னும் எண்ணுக்கு இரண்டிலும் ஒரே பொருள். விளையாட்டுப் பொறியைப் போலவே, பள்ளிக்கு வந்த அப்பொறியையும் இன்று எமுலேட்டரால் இயக்க இயலும். 'ஜே.எஸ்.பீப்' என்னும் எமுலேட்டர் இணைய உலாவியிலேயே அதனைச் செய்கிறது.

ஆனால் எமுலேட்டர் பொறியை மட்டுமே மீட்டுத் தரும். நிரலை மீட்டுத் தராது. அக்காலத்தில் ஆசிரியர்கள் தம் மாணவர்க்கென எழுதிய நிரல்கள் காந்தத் தட்டுகளிலும் ஒலிநாடாக்களிலும் பதிந்து கிடந்தன. ஈரமும் பூஞ்சையும் அவற்றை ஆண்டுதோறும் அரித்து வருகின்றன. பழைய பள்ளிகளின் அலமாரியில் அத்தகைய தட்டு எஞ்சியிருக்குமாயின், அதனைக் கழிவென வீசாமல், உலர்ந்த இடத்தில் வைத்து, படியெடுக்க வல்லாரிடம் சேர்ப்பித்தல் வேண்டும். படி ஒன்று கிடைத்துவிட்டால் அதனை இயக்குவதற்கான பொறி ஏற்கெனவே ஒவ்வொருவர் சட்டைப்பையிலும் உள்ளது.